மாதாந்திரப் பராமரிப்பு

வங்கிப் படிவத்தில் தொழில் என்ற கட்டம்
கட்டைவிரல் அகலம்கூட இல்லை.
'ஒலி வடிவமைப்பு' என்று நுணுக்கி எழுதினேன்.
மேலாளர் பேனாவை எடுத்து
லி-யை ளி ஆக்கினார்.
'கல்யாணமெல்லாம் எடுப்பீங்களாம்மா?'

எலும்பு எடுத்திருக்கிறேன் சார்.
பதினொரு படங்களில் அடியாட்களுக்கு முறிந்ததெல்லாம்
பரவை மார்க்கெட் முருங்கைக்காய்.
கிலோ இருநூறு விற்ற கார்த்திகையில்
கதாநாயகன் கொஞ்சம் பார்த்துத்தான் அடித்தான்.
நீங்கள் நனைந்த கொடைக்கானல் மழை
என் சமையலறை முறத்தில் உருண்ட உளுந்து.
அண்ணன் தங்கையை அறைந்தானே,
தியேட்டரே 'ச்சொ' கொட்டியதே,
அது ஆரப்பாளையத்தில் இரவு இரண்டு மணிக்குக்
கல்லில் விழுந்த பரோட்டா மாவு.
மாஸ்டர் காசிமாயன் கேட்டார்,
'எம்பேரு வருமா?'
வரவில்லை.
என் பெயர் வந்தபோது
விளக்கைப் போட்டுச் செருப்பைத் தேடிக்கொண்டிருந்தார்கள்.

இதெல்லாம் சம்பளம்.
வேலை என்பது
செல்லூரில் மாதம் ஒருநாள், காலை ஒன்பதுக்கு,
பராமரிப்புக்காக மின்சாரம் நிற்கும்போது.

தறிகள் சேர்ந்தாற்போல் நிற்பதில்லை.
சுருதி முதலில் இறங்கும்.
நாடா நடுவழியில் யோசிக்கும்.
ஒரே ஒரு தறி மட்டும்
செய்தி வந்து சேராததுபோல
இரண்டு அடி கூடுதலாக அடித்து ஓயும்.
அப்புறம் ஒரு குழாய்,
ஒரு இருமல்,
சத்தத்துக்கு மேல் கத்திப் பேசிக்கொண்டிருந்தவர்
கத்தலாகவே முடிக்கிற பாதி வாக்கியம்:
'...அவ மாமியாகிட்ட சொல்லிறாத!'

ஒன்பது நொடி.
ஆறு வருடம் போய் நின்று பதிந்து
நாற்பத்தொரு நிமிடமாக இழுத்தேன்.
பந்தல்குடி வாய்க்கால் பக்கம் சங்கக் கட்டடத்தில்
முதல் நிகழ்ச்சி. இருபத்து மூன்று பேர்.
பதினான்கு பேர் உறவு.
என் அத்தான் இருபதாவது நிமிடத்தில்
'எப்பம்மா ஆரம்பிக்கும்?' என்றார், மெதுவாகத்தான்.

முப்பத்தொன்றாவது நிமிடத்தில் நிஜமாகவே கரண்டு போனது.
ஸ்பீக்கர் செத்தது.
வெளியே செல்லூர் முழுக்கத்
தறிகள் ஒவ்வொன்றாய் இறங்கின,
நான் இழுத்ததைவிட நன்றாக.
இருட்டில் யாரும் மூச்சு விடவில்லை.
பிறகு கைதட்டினார்கள்.
எழுந்து கும்பிட்டேன்.
மின்வாரியத்துக்கு நன்றி சொல்லவில்லை.

வாசலில் தனுஷ்கோடி என்பவர் மறித்தார்,
சட்டையெல்லாம் பஞ்சு.
'ரெண்டு அடி சேத்து அடிக்குதே,
அது எந் தறிதான். பெல்ட்டு லூசு.'
இத்தனை வருடத்தில்
இவ்வளவு சரியான விமர்சனம் எனக்கு வந்ததில்லை.
மறுவாரமே பெல்ட்டை மாற்றிவிட்டாராம்.
எனக்கு வருத்தம்தான். எப்படிச் சொல்ல.

கடன் கிடைக்கவில்லை.
ஆனால் அங்கே உட்கார்ந்திருந்தபோது
கைப்பைக்குள் ரெக்கார்டர் ஓடிக்கொண்டிருந்தது:
நோட்டு எண்ணும் இயந்திரம், நான்கு நிமிடம்.
நடுவில் கிழிந்த நோட்டு ஒன்று சிக்குகிறது.
அந்த இடம்
நன்றாக வந்திருக்கிறது.