அடித்த வரி

நாற்பத்திரண்டு வருஷம்
வலப்பக்கத் தட்டிக்குப் பின்னால் முக்காலியில் உட்கார்ந்து
மற்றவர்கள் மறந்ததை எடுத்துக்கொடுப்பது என் வேலை.
மாதங்கிக்கு மட்டும் எடுத்துக்கொடுத்ததே இல்லை.
அவளுக்குத் தன் வசனம் தெரியும்,
எதிரே நிற்பவனுடையதும் தெரியும்.
அவன் திணறினால் என்னை முந்திக்கொண்டு
"நீர் சொல்ல வந்தது இதுதானே" என்று
அவன் வரியையும் சொல்லி
அதற்குப் பதிலும் சொல்லிவிடுவாள்.
சபாவில் கைதட்டல்.
அன்றைக்குச் சம்பளக் கவரை வாங்க எனக்குக் கூச்சமாக இருக்கும்.

இராயபுரத்தில் சலேத் மேரியாகப் பிறந்தவள்.
அப்பா துறைமுகத்தில் கிரேன் ஓட்டினார்.
மதியச் சோறு கொண்டுபோனால்
கப்பல் சங்குக்கு மேலே கத்தித்தான்
அவரைக் கீழே இறக்க வேண்டுமாம்.
கனத்த குரல். அடியில் கொஞ்சம் மணல்.
மைக் இல்லாத வால்டாக்ஸ் ரோடு கொட்டகையில்
கடைசி பெஞ்சுக்குப் பின்னால் நிற்கும் வேர்க்கடலைக்காரன்
பொட்டலம் மடிப்பதை நிறுத்துவான்.

வடபழனிக்காரர்களுக்கு முகம் பிடித்தது.
"குரல் தாசில்தார் மாதிரி இருக்கே,
அம்மா வேஷத்துக்கு ஆகாது" என்றார் ஒரு முதலாளி.
இருபத்தேழு வயதில் அம்மா!
மூக்குக்கண்ணாடி மாட்டி, தலையில் வெள்ளை தடவி,
தன்னைவிட மூன்று வயது மூத்த கதாநாயகனைப்
பெற்றெடுக்கச் சொன்னார்கள்.
பெற்றாள்.
குரலைக் கொடுத்தது சாலிகிராமத்துக் கிருபாவதி.
பாகுப் பதத்தில் ஒரு குரல்,
எவ்வளவு இழுத்தாலும் அறுந்துபோகாத அழுகை.

இவள் வெளிச்சத்தில் உதட்டை அசைத்தாள்.
அவள் இருட்டில் அழுதாள்.
ஊர் இரண்டையும் சேர்த்து ஒரு தாயாக்கிக்கொண்டது.
விருது வாங்கிய மேடையில்
இவள் நன்றி சொல்ல வாயைத் திறந்ததும்
முன்வரிசைப் பெண் புருஷனிடம் கேட்டாள்:
"யார் பேசறது?"

ஞாயிற்றுக்கிழமை நாடகத்தை அப்புறமும் விடவில்லை.
கோடம்பாக்கம் பாலத்து நெரிசலில்
டாக்சிக்குள்ளேயே நரையைத் துடைத்துக்கொண்டு வருவாள்.
காதோரம் ஒரு கீற்று மிச்சமிருக்கும்.
சைகை காட்டுவேன்.
"இருக்கட்டும் அண்ணே, நாளைக்கும் வேணுமே."

ஒரே ஒரு ராத்திரி.
வெளியே மழை. உள்ளே இருபத்திரண்டு பேர்.
இரண்டாம் அங்கத்தில் கடிதத்தைப் பிரித்தவள்
அப்படியே நின்றாள்.
நான் வரியில் விரல் வைத்து வாயைத் திறந்தேன்.
அவள் திரும்பவில்லை.
புடவைக் கொசுவத்துக்குள் இடது கை மட்டும்
வேண்டாம் என்றது.
எவ்வளவு நேரமோ.
எவருக்கும் இருமல் வரவில்லை.
பிறகு கடிதத்தை நாலாக மடித்து
இடுப்பில் செருகிக்கொண்டு உள்ளே போய்விட்டாள்.

மறந்தாளா, கேட்கவில்லை.
நோட்டில் அந்த வரியைப் பென்சிலால் அடித்தேன்.
அதற்கப்புறம் நூற்றுப் பத்துத் தடவை
அந்த வரி இல்லாமல்தான் நாடகம் நடந்தது.

போன ஐப்பசியில் செத்துப்போனாள்.
டிவியில் விடிய விடியச் செத்துக்கொண்டிருந்தாள்,
ஆஸ்பத்திரிக் கட்டிலில், ரயிலடியில், மகன் மடியில்,
எல்லாம் கிருபாவதி குரலில்.

காசிமேட்டுக் கல்லறை. வெயில். கேமராக்கள்.
சாமியார் இன்னும் வரவில்லை.
கூட்டத்தின் ஓரத்தில், ஒயர்கூடையோடு,
குள்ளமாக ஒரு அம்மாள்
பக்கத்துப் பையனிடம் கேட்டாள்:
"கொஞ்சம் தண்ணி கிடைக்குமாப்பா?"

அத்தனை பேரும் பெட்டியைப் பார்த்தார்கள்.
ஒருத்தி சிலுவை போட்டுக்கொண்டாள்.
மைக் பிடித்திருந்த பையன் மைக்கைத் தட்டிப் பார்த்தான்.

கிருபாவதி முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள்.
தண்ணீர் வந்தபோது
தலையை மட்டும் ஆட்டினாள்.

எல்லோரும் மண் போட்டுப் போன பிறகு
நான் மெள்ளக் குனிந்தேன். முழங்கால் வலி.
அடித்த வரி எனக்கு மனப்பாடம்.
சொன்னேன்,
முதல் வரிசைக்குக்கூடக் கேட்காத குரலில்.