வலது மூலையில் பிசின்

ஐக்கே லொரென்ட்சன் ஆடிய ஆட்டம் ஒன்றையும்
முழுதாக நான் பார்த்ததில்லை.
என் வேலை ஆட்டம் முடிந்தபின் தொடங்குவது.
பியர்க் கோப்பைகள் படிகளில் உருண்டு,
முரசுக்காரர்கள் கடைசி ரயிலுக்கு ஓடியபின்
ஒரு வாளி, கரைப்பான், தேய்ப்பான்,
நான்.

பைன் மரத்துப் பிசினை விரலில் பூசிக்கொண்டுதான்
கைப்பந்தை இங்கே பிடிக்கிறார்கள்.
பந்தில் ஒட்டியது தரையில் ஒட்டும்,
தரையில் ஒட்டியது கம்பத்தில், கதவில்,
கழிப்பறைக் குழாயில், ஒருமுறை
மேயரின் கம்பளிக் கோட்டில்.
பதினான்கு பருவங்கள் அதைச் சுரண்டியிருக்கிறேன்.
அவனைப் பற்றி எனக்குத் தெரிந்ததெல்லாம்
முட்டி போட்டுத் தெரிந்துகொண்டது.

இடக்கைக்காரன், ஆகவே வலது மூலை.
ஆறு மீட்டர் கோடும் எல்லைக் கோடும் நெருங்குமிடத்தில்
சமையலறை மேசையளவு இடம்.
அங்கிருந்து மூன்று எட்டு. நான்காவது தப்பு.
கோட்டுக்கு உள்ளே கால் படக்கூடாது,
காற்றில் போகலாம்.
பாதம் தரை தொடுமுன்
பந்து கையை விட்டிருக்க வேண்டும்.
இதைச் சொன்னவர் விளக்கு மாற்றும் க்னூட்.
ஏணியிலிருந்து இறங்காமலே சொன்னார்,
"மீதியெல்லாம் சத்தம்."

அவன் விழுந்த இடங்களில்
முழங்கை நீளத்துக்கு மஞ்சள் தடம்.
முதல் ஆண்டுகளில் அது கோல் கம்பத்துக்கு அருகே,
கிட்டத்தட்ட வலையை உரசிக்கொண்டு.
அவ்வளவு தூரம் பறந்திருக்கிறான்.
தேசிய அணி ஒன்பது ஆட்டங்களுக்கு அழைத்தது.
பத்தாவதற்கு அழைக்கவில்லை.
அந்தத் திங்கட்கிழமை உடைமாற்றும் அறைச் சுவரில்
ஓர் உள்ளங்கை, ஐந்து விரலும் தெளிவாக.
துடைக்க இருபது நிமிடம் எடுத்துக்கொண்டேன்.
ஐந்து போதும்.

ஏழாம் பருவத்தில் தடங்கள் நின்றன.
வலது முழங்கால், சிலுவைத் தசைநார்.
பதினோரு மாதம் அந்த மூலை பளிங்குபோல் கிடந்தது.
வேலை குறைந்ததற்கு வருந்திய துப்புரவுக்காரி
இந்த மாநிலத்தில் நான் ஒருத்தியாகத்தான் இருப்பேன்.

திரும்பி வந்தான். தடம் ஒரு முழம் பின்னால்.
அடுத்த ஆண்டு இன்னும் ஒரு சாண்.
பயிற்சியாளருக்குத் தெரியுமுன்,
அவன் மனைவி ஸில்கேவுக்குத் தெரியுமுன்
எனக்குத் தெரியும்.
யாரிடம் சொல்வது, வாளியிடமா?

கிளப் இரண்டாம் பிரிவுக்கு இறங்கிய ஆண்டு
ஸ்பான்சர் போய்விட்டான், மாவு ஆலைக்காரன்.
நான்கு மாதச் சம்பளம் வரவில்லை, அவர்களுக்கும் எனக்கும்.
மற்றவர்கள் டென்மார்க்குக்கு, தெற்கே, எங்கெங்கோ போனார்கள்.
அவன் போகவில்லை. யாரும் கேட்கவில்லை என்றும் சொல்கிறார்கள்.
இரண்டும் உண்மையாக இருக்கலாம்.

விடைபெற்ற மாலையில் பூங்கொத்து, சட்டம் போட்ட ஜெர்ஸி.
ஒலிபெருக்கி "ஐக்கே" என்றது,
மீதியைக் கூட்டம் சொன்னது, மூன்று முறை.
அன்று அவன் தரையில் விழவேயில்லை.
பதினேழாம் எண் கூரைக்கு ஏறியது.
அதில் படியும் தூசி க்னூட்டின் பொறுப்பு.

இப்போது ஹூசும் சாலையில் குளியலறை ஓடுகள் விற்கிறான்.
வழுக்காத ரகம் நன்றாகப் போகிறதாம்.

செப்டம்பர் ஞாயிறு, தேர்தல்.
மண்டபம் வாக்குச்சாவடி ஆகியிருந்தது.
அட்டை மறைப்புகளில் ஒன்றை யாரோ
வலது மூலையில் வைத்திருந்தார்கள்.
வரிசையில் அவனுக்கு அதுதான் வாய்த்தது.
மறைப்புக்குக் கீழே கால்கள் மட்டும் தெரிந்தன,
பழுப்பு நிறச் சப்பாத்து, கோட்டுக்கு இந்தப் பக்கம்.
நெடுநேரம் நின்றான்.
வலது குதிகால் ஒரு விரற்கடை எழும்பியது.
இறங்கியது.

வெளியே வந்தபோது என்னைப் பார்த்து
இருமுறை ஒடிந்த விரல்களை விரித்துக் காட்டினான்.
"ஃப்ராவ் வோய்தாஸ், இந்தப் பென்சில்
கையில் ஒட்டவே மாட்டேன் என்கிறது."

"கரைப்பான் இன்னும் அரை டப்பா இருக்கிறது" என்றேன்.
ஏன் அதைச் சொன்னேனோ.