ஒருநாள் சுற்றுலா, மதிய உணவு உட்பட

காலை ஏழேகால். புதுச்சேரி, செஞ்சி சாலை விடுதி வாசல்.
ஆறு தொப்பிகள், ஆறு தண்ணீர் பாட்டில்கள்,
எல்லாரும் சொன்ன நேரத்துக்கு ஐந்து நிமிடம் முன்பே.
கலியபெருமாள்தான் தாமதம். டீசல் போட்டேன் என்றார்.
சட்டையில் பூரி மசால் வாசனை.

என் பெயர் அமலோற்பவம். கழுத்து அட்டையில் 'அமலா'.
சென்னையில் இரண்டு வருடம் படித்த ஜப்பானிய மொழியில்
கோபுரத்துக்கு ஒரு சொல் வைத்திருக்கிறேன்,
கொடிமரத்துக்கு இல்லை.
சுற்றிவளைத்துச் சொல்வேன். தலையாட்டுவார்கள்.
புரிந்ததற்கா, மரியாதைக்கா என்று
இன்றுவரை எனக்குப் பிடிபடவில்லை.

திருவந்திபுரம். கெடிலத்தில் தண்ணீர் இல்லை.
மணலின் நடுவில் ஒரு நாய், வேலை இருப்பதுபோல் போனது.
'காலுறையும் கழற்றணுமா?' என்றார் கோமுரா.
கழற்றணும்.
சித்திரை வெயிலில் ஆறு ஜோடி வெள்ளைப் பாதங்கள்
நிழலிலிருந்து நிழலுக்குத் தாவின.

அர்ச்சகர் நட்சத்திரம் கேட்டார்.
அவர்களுக்கு இல்லை. எனக்கும் இல்லை,
எங்கள் வீட்டில் ஞானஸ்நானத் தேதி மட்டும்தான்.
பின்னாலிருந்து கலியபெருமாள்:
'சதயம்னு சொல்லுங்கம்மா. என்னோடதுதான்.
ஆறு பேருக்குத் தாங்கும்.'

கிணற்றில் உப்பும் மிளகும் வெல்லமும் போட்டார்கள்.
எதற்கு என்றாள் ஹயாமி.
உடம்பில் இருப்பது போக என்றேன்.
கொஞ்சம் யோசித்து, இன்னொரு பிடி உப்பு போட்டாள்.

பிறகு மலை. மலை என்றால் எழுபத்துச் சொச்சம் படி.
மேலே குதிரைமுகத்துப் பெருமாள்.
பிளஸ் டூ பிள்ளைகள் பேனாவைப் பாதத்தில் வைத்து
வாங்கிக்கொண்டிருந்தார்கள்.
'படிப்புக்கான சாமி' என்று ஆரம்பித்தேன்,
ஹயாமி கேட்கவில்லை. முகத்தையே பார்த்தாள்.

எங்கள் ஊரிலும் குதிரைத்தலைச் சாமி உண்டு என்றாள்.
சாலைத் திருப்பங்களில், முழங்கால் உயரக் கல்.
சுமை இழுத்து வழியிலேயே விழுந்த குதிரைகளுக்காக
வண்டிக்காரர்கள் வைத்தது.
உங்கள் குதிரை யாருக்காக?

குறிப்பேட்டில் அதற்குப் பதில் இல்லை.
தேர்வு எழுதுகிறவர்களுக்காக என்றேன்.
'அவர்களும் சுமக்கிறார்கள்' என்றாள்.
அப்போதுதான் முதல்முறையாக
நானும் நிமிர்ந்து பார்த்தேன், பார்ப்பதற்காகவே.

மதியம் வாழையிலை. ரசத்தைக் கிண்ணத்தில் கேட்டார்கள்.

வில்லியனூர்ப் பக்கம், தகரக் கொட்டகைப் பயிலகம்.
கோசலை சக்கரத்தை மின்விசையில் ஓட்டுகிறாள்,
காதில் ஒரு பக்கம் மட்டும் இயர்போன்.
'அழுத்தாதீங்க, நிறுத்துங்க' என்பாள்,
நான் மொழிபெயர்ப்பதற்குள் களிமண் சரிந்துவிடும்.
ஆறு பேரும் குவளை செய்தார்கள்.
கோமுராவுடையது சாய்ந்திருந்தது, அப்படியே விட்டார்.
காத்திருந்து அலுத்த கலியபெருமாளும் உட்கார்ந்தார்.
வந்தது குவளையா குண்டானா என்று
கோசலைக்கே சந்தேகம்.
நான் தொடவில்லை. வெளிர் சுடிதார்.

சூளையிலிருந்து வர மூன்று வாரம்.
அதற்குள் அவர்கள் போய்விட்டார்கள்.
கூரியர் படிவத்தில் பொருள்: மண் குவளை.
மதிப்பு என்ற கட்டத்தில்
பேனா கொஞ்ச நேரம் நின்றது.
நூறு ரூபாய் என்று போட்டேன்.
அனுப்பும் செலவு நாலாயிரத்து சொச்சம்.

ஆடியில் ஹயாமியின் மின்னஞ்சல்.
குவளை உடைந்துதான் வந்ததாம், மூன்று துண்டு.
நான் எங்கோ படித்த கெட்டிக்காரத்தனத்தில்
'பொன் வைத்து ஒட்டுவீர்களா?' என்று எழுதினேன்.
அதற்கெல்லாம் பணம் ஆகும் என்று பதில்.
துண்டுகளை எங்கள் திருப்பத்துக் கல்லடியில் வைத்தேன்,
குதிரைக்குத் தண்ணீர் குடிக்க ஆகாது, இருந்தாலும்.
உப்பும் மிளகும் போட்டேன்.
வெல்லம் கிடைக்கவில்லை, பழுப்புச் சர்க்கரை.
எறும்பு வந்துவிட்டது.

கலியபெருமாளிடம் படித்துக் காட்டினேன்.
அவருடைய குண்டான் டேஷ்போர்டில் இருக்கிறது,
உள்ளே சுங்கச்சாவடி ரசீதும் சில்லறையும்.
'அங்கேயும் எறும்பு இருக்கா' என்றார்.
கண்ணாடியைத் துடைத்தார்.
நாளைக்கு எத்தனை பேர் என்று கேட்டார்.