இருபது மில்லி பாமாயில்

குடித்திருந்தால் கேட்டிருக்காது.
ஓட்டேரி நல்லாவை ஒட்டிய குடோனில்
பொன்னி மூட்டைகளின் மேல் பாய் விரித்து
ஏழு வருடமாக நன்றாகத்தான் தூங்கினேன்.
குவார்ட்டர் காதை மூடிவிடும்.

அன்று ஒன்பதாம் நாள்.
பௌர்ணமிக்குப் பெரம்பூரில்
தகரக் கூரை போட்ட ஒரு விகாரையில்
மைக் கரகரக்க
ஐந்து வாக்கியங்களைத்
திருப்பிச் சொல்லிவிட்டு வந்திருந்தேன்.
விலகி நிற்கிறேன், விலகி நிற்கிறேன் என்று.
புரிந்தது பாதி.
மீதி பக்கத்து மாவு மில் சத்தத்தில் போயிற்று.

இரண்டு மணி இருக்கும்.
பேசின்பிரிட்ஜ் பக்கம் கூட்ஸ் ஒன்று
பெட்டி பெட்டியாக இருமிக்கொண்டு போனது.
அது போன பிறகும் ஒரு சத்தம் நிற்கவில்லை.
கதவுக் கீலும் இல்லை, கைக்குழந்தையும் இல்லை;
இரண்டுக்கும் நடுவே ஊசிபோல ஒன்று.

செல்போன் வெளிச்சத்தில் பார்த்தேன்.
துவரம்பருப்பு மூட்டைக்குப் பின்னால்
சாயங்காலம் நானே வைத்த ஒட்டு அட்டை.
அதன் மேல் சுண்டெலி.
நாலு காலும் ஒரு கன்னமும் பசையில்.
மேல்பக்கத்துக் கண் மட்டும்
என்னைப் பார்த்தது, அல்லது
வெளிச்சத்தைப் பார்த்தது.
வயிறு தையல் மிஷின் மாதிரி அடித்துக்கொண்டிருந்தது.

நான் கொல்லவில்லை என்று சொல்லிக்கொள்ளலாம்.
அட்டைதான் பிடித்தது.
விற்றவன் சௌகார்பேட்டை,
வாங்கியவர் செல்லக்கனி அண்ணாச்சி,
கம்பெனி எங்கேயோ.
நான் வெறும் கை.
கையைப் பார்த்தேன்.
நகத்திடுக்கில் பசை இன்னும் இருந்தது.

எண்ணெய் விட்டால் பசை விடும் என்று
யாரோ எப்போதோ சொன்ன ஞாபகம்.
தலைக்குத் தேய்ப்பதும் தீர்ந்து நாளாயிற்று.
பாமாயில் டின் இருந்தது, அண்ணாச்சியுடையது.
கொடுக்காததை எடுப்பதில்லை என்றும்
அதே மைக்கில்தான் சொன்னேன்.
முதல் வாக்கியத்துக்கும் இரண்டாவதற்கும்
சண்டை வந்தால் யாரைக் கூப்பிடுவது
என்று அன்றைக்குக் கேட்கத் தோன்றவில்லை.

சண்டை முடிகிறவரை எலி காத்திருக்காது.
எடுத்தேன். இருபது மில்லி.

ஒரு காலுக்குப் பத்து நிமிஷம்.
இழுக்கக் கூடாது; இழுத்தால் தோல் வரும்.
சொட்டு விட்டு, காது குடையும் பஞ்சுக்குச்சியால்
தள்ளித் தள்ளி, காத்திருக்க வேண்டும்.
கடித்தது. ஆள்காட்டி விரலில்
கடுகளவு ரத்தம்.
கோபம் வரவில்லை என்று சொன்னால்
நாலாவதும் போய்விடும்.
வந்தது. கெட்ட வார்த்தையும் வந்தது.
கை மட்டும் அடுத்த சொட்டை விட்டது.

மூன்றாவதைப் பற்றி இங்கே சொல்ல மாட்டேன்.
அதற்குக் கணக்குக் கேட்க வேண்டியவள் அமுலு.
மூலக்கொத்தளத்தில் இருக்கிறாள்.
என் நம்பரைப் பார்த்தால் எடுப்பதில்லை.
எடுக்காததுதான் சரி.
கன்னத்தை விடுவிக்கும்போது மட்டும்
(அங்கேதான் தோல் மெல்லிசு)
அவள் கன்னம் நினைவுக்கு வந்தது,
நான் அங்கே கை வைத்த விதமும்.

விடிய ஒரு மணி நேரம் இருக்கையில்
வழுக்கிக்கொண்டு உள்ளங்கையில் விழுந்தது.
ஈர முடி. பஜ்ஜிக் கடை வாசனை.
ஷட்டர் இடுக்கில் விட்டேன்.
திரும்பிப் பார்க்கவில்லை, எதற்குப் பார்க்கும்.
பூனைகள் இருக்கும் தெருதான் அது.
அதற்கு மேல் என் கணக்கில் இல்லை
என்று சொல்லிப் பார்த்தேன்.
ஒட்டவில்லை.

ஏழு மணிக்கு அண்ணாச்சி ஷட்டரைத் தூக்கினார்.
"மாட்டிச்சாடே?"
"மாட்டுச்சு அண்ணாச்சி. விட்டுட்டேன்.
உங்க பாமாயில்தான். இருபது மில்லி இருக்கும்."
அட்டையைப் பார்த்தார்:
ஒரு சிட்டிகை மயிர், நாலு பாதத் தடம்.
நோட்டை எடுத்து என் பெயருக்கு நேரே எழுதினார்.
அட்டை நாற்பது. எண்ணெய் மூன்று.
பிறகு என் விரலைப் பார்த்தார்.
"எலிக்கடி பொல்லாதது, ஊசி போட்டுக்கோ" என்று
கல்லாவிலிருந்து ஐம்பதை நீட்டினார்.
அதை எந்தப் பக்கம் எழுதுவதென்று
பேனாவைக் கொஞ்ச நேரம் பிடித்திருந்து
நோட்டை மூடிவிட்டார்.

இன்று ராத்திரி
துவரம்பருப்பு மூட்டையில் புது ஓட்டை.
கையகலம் சிந்தியிருக்கிறது.
எழுந்து உட்கார்ந்து கேட்கிறேன்,
கொறிக்கிற சத்தம்.
அதுதான் இது என்று சொல்ல மாட்டேன்.
தெரியாததைச் சொல்லக் கூடாது.