நூற்றுப் பன்னிரண்டாம் வரி

முட்டம் துறைமுகம். காலை மூன்றே முக்கால்.
ஐஸ் நொறுங்கும் சத்தத்துக்கு அடியில்
நான் எண்ணிக்கொண்டிருக்கிறேன்.

அலுவலகம் தந்த படிவத்தில்
நூற்று எழுபத்தாறு வரிகள்,
வரிக்கு ஒரு மீன்.
சாளை, அயிலை, வாளை, நவரை –
இவற்றுக்கு நேரே கை தானாக ஓடும்.
நூற்றுப் பன்னிரண்டில் இடறும்.
வேளா.
எனக்கு முன்பிருந்த செலின் ரோஸ் இரண்டு வருடம்,
நான் ஏழு வருடம்,
அங்கே பூஜ்யம்தான் போட்டு வருகிறோம்.
போட்டுப் போட்டு என் பூஜ்யம்
முட்டை மாதிரி நீண்டுவிட்டது.

வேளாவை நான் பார்த்ததில்லை.
கொம்பைப் பார்த்திருக்கிறேன்.
கோயில் பின்னறையில், திருவிழாக் கொடிக்கம்பங்களோடு சாய்ந்து:
எந்தப் புயலிலோ பிழைத்த எவரோ நேர்ந்தது.
கோயில்பிள்ளை ஸ்டார்லினிடம் சாவி வாங்கி
ஒருநாள் அளந்தேன். நான்கடி இரண்டங்குலம்.
இந்தப் பக்கம் பத்தொன்பது பல்,
அந்தப் பக்கம் பதினெட்டு.
விழுந்த பல்லின் குழியில்
யாரோ ஊதுபத்தி செருகியிருந்தார்கள்.
எடை, நீளம், படகு எண், வலைக்கண்;
நேர்ச்சைக்குப் படிவத்தில் கட்டமில்லை.

அதோ கவிழ்க்கிறார்கள் குவியலை.
கழிசல். கிலோ பதினெட்டு ரூபாய்.
கோழித்தீவனத்துக்கு லாரி காத்திருக்கிறது.
விரல் நீளக் கிளாத்தி, நகமளவு கணவாய்,
பாலாடை போல ஒரு திருக்கைக் குஞ்சு,
ஒன்றன் வாலை ஒன்று பிடித்தபடி
இரண்டு கடல்குதிரைகள்.
மண்வெட்டியால் அள்ளுகிறார்கள்.
மண்வெட்டிக்கு எல்லாம் ஒரே பெயர்.
ஒரு கூடை கேட்டு வாங்கிப் பிரித்துப் பார்ப்பேன்,
எந்த வரியிலும் ஒட்டாமல் சில மிஞ்சும்.
அவற்றுக்குக் கடைசி வரி: 'மற்றவை'.
திங்கள்சந்தை போகும் கடைசி பஸ்ஸில்கூட
இத்தனை பேர் தொங்கியதில்லை.

பெர்க்மான்ஸ் அண்ணன் வலை உதறுகிறவர்போல
பக்கத்தில் வந்தார்.
முகம் கடலுக்கு, பேச்சு எனக்கு.

"பிள்ளே, எழுதிராத.
செவ்வாக்கிழம ராத்திரி வலை கனத்துச்சு.
டார்ச் அடிச்சா பல்லு. வரிசையா பல்லு.
கரைக்குக் கொண்டாந்தா கேஸு.
வலை எனக்க வலை, ரெண்டு லட்சம், கடன் தீரல்ல.
ஒண்ணு வலைய அறுக்கணும், இல்லாட்டி கொம்ப.
கொம்ப அறுத்தோம்.
உயிரோடதான் போச்சு, பாத்துக்க."

கொம்பு?

"கல்லு கெட்டித் தாத்தாச்சு."

டீ குடிக்கப் போய்விட்டார்.
திரும்பி வந்து, "பெரிசு" என்றார்.
மறுபடி போனார்.

அந்தக் கொம்பால்தான்
சேற்றுக்குள் இரை அசைவதை அது அறியும்
என்று படித்திருக்கிறேன்.
இப்போது எந்த மடையிலோ
மூக்கறுந்த முகத்தை
மணலில் வைத்து வைத்து எடுக்கிறதோ என்னவோ.

ஒன்று என்று எழுதினால்
நாகர்கோவிலிலிருந்து ஜீப் வரும்.
அண்ணனுக்கு மூன்று பெண்பிள்ளைகள்.
பூஜ்யம் என்று எழுதினால்
இது பத்தாவது வருடம்:
தொடர்ந்து பத்து வருடம் பூஜ்யமாய் இருக்கும் வரிகளை
படிவத்திலிருந்து நீக்கலாம் என்று
போன மாதம் சுற்றறிக்கை வந்திருக்கிறது.
கடலில் கடைசி வேளா சாகும் முன்பே
காகிதத்தில் அதை நான் முடித்துவிடலாம்.

இத்தனை வருடம் போட்ட பூஜ்யங்களில்
எது இல்லாததன் பூஜ்யம்?
எது கல் கட்டித் தாழ்த்தியது?
தெரியாமலேயே கூட்டி
மாதாமாதம் கையெழுத்திட்டு அனுப்பியிருக்கிறேன்.

லாரி கிளம்புகிறது.
பின்பலகை இடுக்கில் சொட்டும் தண்ணீர்
துறைமுகச் சாலை நெடுகக் கோடிழுத்துப் போகிறது.
நாய்கள் அதை முகர்ந்து முகர்ந்து
கொஞ்ச தூரம் போய்த் திரும்புகின்றன.

தேதி எழுதிவிட்டேன். படகு எண்கள் எழுதிவிட்டேன்.
நூற்றுப் பன்னிரண்டில் பேனாவை வைத்தவள்
வைத்தபடியே இருக்கிறேன்.
ஈரத் தாளில் மை ஊறி ஊறி
கட்டத்துக்குள் ஒரு புள்ளி.
விவரம்
இன்னும் எழுதவில்லை.