அரை மாத்திரை

கோரிப்பாளையம் சிக்னல் தாண்டி
பெரியாஸ்பத்திரி பாக்குற மூலையில
ராத்திரி ரெண்டு மணி வரைக்கும் நம்ம கல்லு எரியும்.
நாளைக்கு நாப்பது கிலோ மைதா.
விசிறும்போது பறக்குற வெள்ளை
டியூப்லைட்டுக்குக் கீழ அழகாத்தான் இருக்கும்.
அதுல பாதி எனக்குள்ள போகுதுன்னு
இருபது வருசம் தெரியாது.

மொதல்ல தும்மல்.
அப்புறம் நெஞ்சுக்குள்ள
சோடா பாட்டிலச் சரியா மூடாம விட்டாப்ல
ஒரு சீறல்.

பக்கத்து மெடிக்கல் தினகரபாண்டி
காகிதத்துல மடிச்சுத் தந்தான்,
சின்னதா, வெள்ளையா.
"போடுண்ணே, நாளைக்கு நூறு புரோட்டா சேத்து வீசுவ."
அவன் பொய் சொல்லல.
விடியக்குள்ள நெஞ்சு திறந்துச்சு.
அன்னைக்கு மட்டும்னு ஆரம்பிச்சது
மூணு மார்கழி ஓடிப்போச்சு.

மூஞ்சி உப்பி, கன்னம்
எண்ணெய் தடவி ஊறப்போட்ட உருண்டையாட்டம் ஆச்சு.
"வீட்டுச் சாப்பாடு ஒத்துக்கிருச்சு போல"ன்னாரு
முதலாளி இபுராகிம்சா.
கரண்டிக் காம்பு லேசாப் பட்டாலே
கை கன்னிப்போகும்.
தூக்கம் வராம மூணு மணிக்கு
மிஞ்சுன சால்னாச் சட்டியத் தேடுவேன்.
சுகரு இருநூத்தி எம்பது.
ஒய்யம்மாதான் சொன்னா:
"மூச்ச வாங்கிக் குடுத்துட்டு
மிச்சத்த எல்லாம் வாங்கிக்கிருச்சு."

பம்பு வேணாம்னது நான்தான்.
சித்தப்பா மகனப் பாக்க வந்த பொண்ணு வீட்டாளுக
அவன் சட்டைப் பையப் பாத்துட்டு
பாதி பஜ்ஜியோட எந்திரிச்சுப் போனாக.
மாத்திரைய எவன் பாக்கப் போறான்?
அட்டை இருபது ரூவா.
பம்பு முந்நூத்திச் சொச்சம்.

ஊர்ல காதுகுத்துக்குப் போனவன்
அட்டைய மறந்துட்டேன்.
நாலாம் நாள் பந்தியில
எலை மேலயே சரிஞ்சேன்.

டாக்டரம்மா ஜெசிந்தா திட்டல.
திடீர்னு நிறுத்துனா உடம்பு தாங்காதுன்னாக,
தானாச் சுரக்குறத அது மறந்துபோயிருக்கும்னாக.
பம்புல இருக்கதும் அதே குடும்பத்து மருந்தாம்.
துளியூண்டு, நேரா நெஞ்சுக்கு.
எனக்குச் சிரிப்பு வந்துச்சு.
ஒரு புரோட்டா ஓரம் முறுக
முழுக் கல்லுக்கும் எண்ணெய ஊத்திக்கிட்டு
மூணு வருசம் நின்னிருக்கேன்.

சீட்டுல எழுதிக் குடுத்தாக:
ரெண்டு. அப்புறம் ஒண்ணு. அப்புறம் அரை.
மாவ இழுக்குற கணக்குத்தான்.
அவசரப்பட்டாக் கிழியும்.

அன்னைக்குச் சாயங்காலம்
மக சீலைக்காரி சத்தமாப் படிச்சுக்கிட்டு இருந்தா:
நெடிலுக்கு இரண்டு மாத்திரை,
குறிலுக்கு ஒன்று,
ஒற்றுக்கு அரை.
சீட்ட எடுத்து ஒப்பிட்டுப் பாத்தேன்.
"ஒங்க வாத்தியாருக்கும் எளப்பாத்தா?"
"கண்ணு இமைக்கிற நேரம்ப்பா மாத்திரைங்கிறது."

பம்பு மொத வாரம் ஒண்ணுமே செய்யல,
செஞ்சாலும் சொல்லல.
மாத்திரை மாதிரி மேளம் கொட்டிக்கிட்டு வராது.
மூச்ச முழுசா விட்டு, அமுக்கி, மெதுவா இழுத்து,
ஒரு பக்கம் வேகுற நேரம் அடக்கணும்.
கொப்புளிக்க மறந்த நாலு நாள்
நாக்குல மாவு பூத்துச்சு.

ஐப்பசி மழையில திரும்பவும் இழுத்துச்சு.
அஞ்சு நாளைக்கு அதே வெள்ளை மாத்திரையத்தான்
டாக்டரம்மாவே குடுத்தாக.
அதுமேல எனக்குக் கோவமில்ல.
ஆறாம் நாள் காலியட்டைய
மக வாங்கி எண்ணிட்டுத்தான் போட்டா.

எக்ஸாஸ்ட் ஃபேன் போடுறேன்னு
முதலாளி சொல்லி ரெண்டு வருசமாச்சு.
மூக்குல துண்டக் கட்டிக்கிட்டுத்தான் வீசுறேன்.
மைதா பறந்துக்கிட்டுத்தான் இருக்கு.

மூணு புள்ளி எழுத்து ஒண்ணு இருக்காம்,
அதுக்கும் அரைதானாம்.
மக சொல்லிக் காட்டுனா: அஃ.
கல்லு காயுற நேரத்துல
சுவத்துப் பக்கம் திரும்பி நான் அமுக்குற சத்தம்
அச்சு அசல் அதேதான்.
இப்பல்லாம் திரும்புறதில்ல.
வரிசையில நிக்கிறவுக பாத்துட்டு,
"மாஸ்டர், ரெண்டு செட்டு, ஒரு கொத்து"ங்கிறாக.