கடைசி எண் ஏழு

தஞ்சாவூர் புறவழிச்சாலை, பெட்ரோல் பங்க்.
இரவு ஷிப்டில் நான் பேசுவது
"ஜீரோ பாத்துக்குங்க" மட்டும்.

எட்டரைக்கு
யாரோ என் போனுக்கு
இருநூற்றுத் தொண்ணூற்றொன்பது போட்டார்கள்.

பின்னாலேயே அழைப்பு.
அறுப்பு மெஷின் இரைச்சலுக்குள் ஒரு குரல்:
"ஆத்தூர்லருந்து வந்திருக்கேங்க, சின்னப்பையன்.
இப்ப அம்மாப்பேட்டை வயல்ல.
மகளுக்குப் போட்டது.
கடைசி நம்பர் ஏழு, ஒன்னுன்னு தட்டிட்டேன்.
தூசில கண்ணு எரியுது."

பணத்தைத் திருப்பி அனுப்பினேன்.
வந்துருச்சு என்றவர்
வைக்கப்போகும்போது, பழக்கத்தில்,
"சாப்ட்டாச்சா?" என்றார்.
மகளிடம் கேட்க வைத்திருந்தது.

ஆச்சு என்றேன்.
ஆகவில்லை.

இருபத்தெட்டு நாள் வேலிடிட்டி
நேற்றோடு முடிந்தது. மாசி பிறந்துவிட்டது.
லாரிகளில் ஏறி மெஷின்கள் ஊர் திரும்புகின்றன,
பற்களில் காய்ந்த சேற்றோடு.
அதில் எவர் அவர் என்று எனக்குத் தெரியாது.

டீசல் ஏறி முடிவதற்குள்
ஒவ்வொருவரிடமும் கேட்டுவிடுகிறேன்.
காசு கேட்கிறேன் என்று நினைத்துச் சிலர்
சட்டைப்பையைத் தடவுகிறார்கள்.

ஒருவர் மட்டும் இறங்கி வந்து
"இல்லப்பா. இந்நேரம் இங்க என்ன கிடைக்கும்?" என்றார்.

குரல் வேறு.

கடை எல்லாம் மூடியிருக்கும் என்று சொல்லிவிட்டு
புளிச்சோற்று டப்பாவைத் திறந்தேன்.